ஒன்றரை அடிக்கு இரண்டு பொலிஸ்

போன வெள்ளிக்கிழமை பாமசியில் மருந்து வாங்க நின்றபோது ஒரு வாசகி என்னைப் பிடித்துக்கொண்டார்.

"டீச்சர், உங்கட வளவுக்குள்ள பொலிஸ் நிண்டதாமே... மெய்யா?"

கேட்டது மெதுவாகத்தான். ஆனால் பாமசியில் நின்ற அத்தனை பேரும் மாத்திரையை மறந்துவிட்டு என்னைப் பார்த்தார்கள். ஓம் என்றேன். "ஆரும் மவுத்தா?" என்று அடுத்ததாகச் சாவு விசாரித்தார். இல்லை என்றேன். அவருக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான்.

வாரா வாரம் இந்தப் பக்கத்தில் ஊரார் சண்டையை எல்லாம் கிழிகிழி என்று கிழிக்கிறவள் நான். கூரைத் தண்ணீர் பக்கத்து வளவில் விழுந்ததற்குக் கோர்ட்டுக்குப் போனவரை விட்டேனா? மதிலுக்கு மேல் மதில் கட்டியவரை விட்டேனா? நீங்களும் போன் எடுத்து, "நல்லாக் குடுத்தீங்க டீச்சர்" என்றீர்கள். இந்த வாரம் என் முறை. பாமசியில் பாதி தெரிந்துகொண்டவர்கள் மீதியை இங்கே படித்துக்கொள்ளுங்கள்.

களவு இல்லை. வெட்டுக் குத்து இல்லை. எங்கள் பின்வளவில் மேசன்மார் அத்திவாரம் போட்டார்கள் — அதற்குக் காவலாக இரண்டு பொலிஸ்காரர்கள் இரண்டு நாள் பிளாஸ்டிக் கதிரையில் உட்கார்ந்திருந்தார்கள். கல்லுக்கும் கம்பிக்கும் காவல். நாட்டில் வேறு குற்றமே இல்லை பாருங்கள்!

எங்கள் வழக்கம் தெரியாத வெளியூர் வாசகர்களுக்கு ஒரு வார்த்தை. இந்தக் கல்முனைக் கரையோரத்தில் கலியாணம் முடித்த பெண் வீட்டை விட்டுப் போவதில்லை. மாப்பிள்ளைதான் ஒரு பெட்டியோடு வந்து சேருவார். பெண்ணைப் பெற்றவர்கள் அவளுக்கு வீடு கட்டிக் கொடுக்க வேண்டும். வீடு இல்லாவிட்டால் மாப்பிள்ளை இல்லை. இது சரியா என்று கேட்டு நானே இரண்டு தடவை இங்கே சத்தம் போட்டிருக்கிறேன். சத்தம் போட்டுவிட்டுப் போய் சீமெந்துக்குச் சொல்லி வைத்தேன். மகள் இருக்கிறாளே!

ஆக, எங்கள் ஊரில் காணி பெண்கள் பேரில். காணிச் சண்டையோ ஆண்களுக்கு. இந்த வேடிக்கையை நீங்கள் கவனித்ததுண்டா? பெட்டியோடு வந்து சேர்ந்த இரண்டு ஆண்கள், யாரோ ஒரு மாமனார் தேடிவைத்த மண்ணுக்காகக் கழுத்து நரம்பு புடைக்க நிற்பார்கள். அந்த மாமனாரின் மகள்மார் குசினியில் நின்று எட்டிப் பார்ப்பார்கள்.

எங்கள் வளவிலும் இதேதான். வாப்பாவுக்கு நானும் தங்கச்சி ஜெமீலாவும் மட்டும். ஒரே வளவு. மேற்குப் பாதி எனக்கு, கடல் பக்கமான கிழக்குப் பாதி அவளுக்கு. காணி உறுதிப் பத்திரம் எழுதும்போது நொத்தாரிசு எல்லையை அளந்து போடுவோமா என்று கேட்டிருக்கிறார். "ரெண்டும் என்ட புள்ளயள்தானே, என்னத்துக்கு அளவு? சரிபாதி எண்டு எழுதுங்க" என்றாராம் வாப்பா.

நொத்தாரிசு அப்படியே எழுதிவிட்டார். என் உறுதியில் கிழக்கு எல்லை — ஜெமீலாவின் காணி. ஜெமீலாவின் உறுதியில் மேற்கு எல்லை — என் காணி. என் காணி எங்கே முடிகிறது? அவள் காணி தொடங்கும் இடத்தில். அவள் காணி எங்கே தொடங்குகிறது? என் காணி முடியும் இடத்தில்... வாப்பா பாசத்தால் செய்த வேலை. பாசத்துக்கு டேப் பிடிக்க யாருக்கும் தோன்றவில்லை.

எங்கள் இருவருக்கும் அது ஒரு குறையாகவே தெரியவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். வேலி இல்லை, படலை இல்லை. என் மகள் ஸஹ்றா காலையில் என் வீட்டில் சாப்பிட்டு, பகலில் சாச்சி ஜெமீலா வீட்டில் சாப்பிட்டு வளர்ந்தவள். எது யாருடைய பக்கம் என்று கேட்டால் வளவில் மேய்கிற கோழிக்கும் தெரியாது.

ஸஹ்றாவுக்கு நிக்காஹ் பேசி முடிந்தது. மாப்பிள்ளை ஒலுவில் ஊர்க்காரர். நல்ல பிள்ளை, அமைதியானவர். பின்வளவில் வீட்டைக் கட்டி முடித்து, குடியிருக்கிற மாதிரிக் கையில் கொடுத்தால்தான் கலியாணம். என் கணவர் நீர்ப்பாசன வேலையில் இருந்து ஓய்வு பெற்றவர். எத்தனை வயல் கண்டத்துக்கு வாய்க்கால் வெட்டித் தண்ணீர் பிரித்துக் கொடுத்த மனிதர்! விவசாயிகள் மண்வெட்டியோடு வந்து நின்றாலும் சமாதானமாகப் பேசி அனுப்பியவர். அந்த மனிதருக்குச் சகலனோடு ஒன்றரை அடி மண்ணைப் பிரிக்கத் தெரியவில்லை.

அன்று காலையில் மேசன் கட்டை அடித்து நூல் கட்டிக்கொண்டிருந்தார். ஜெமீலாவின் மாப்பிள்ளை, அதாவது அந்தச் சகலன், பல்லுத் தீட்டிக்கொண்டே வந்து பார்த்தார். நெல் வியாபாரி. மூடைக்குள் கம்பியை விட்டால் ஈரம் எவ்வளவென்று சொல்லிவிடுவார். நூலையும் அப்படித்தான் பார்த்தார்.

"காக்கா, இந்தக் கட்ட எங்கட பக்கத்துக்குள்ள இரிக்கி" என்றார், அண்ணன் முறையான என் கணவரிடம்.

"எவன் சொன்ன?" என்றார் இவர்.

"தென்ன மரம்தானே எல்ல. மாமா சொல்லியிரிக்காரு."

"எந்தத் தென்ன?"

"விழுந்த தென்ன."

கேட்டீர்களா? எல்லை ஒரு தென்னை மரம். அந்த மரம் விழுந்து, பலகையாகி, அந்தப் பலகையும் உக்கிப்போய் எத்தனையோ காலம். இப்போது இரண்டு வளர்ந்த ஆண்கள் — ஒருவருக்குச் சீனி வியாதி, மற்றவருக்கு மூட்டு நோவு — குந்திக்கொண்டு அந்த மரம் நின்ற இடத்தைக் காலால் கிளறித் தேடினார்கள். இவர் இங்கே என்றார். அவர் இல்லை, ஒன்றரை அடி அங்கால் என்றார். கடைசியில் அவர் கட்டையைப் பிடுங்கி எறிந்தார். இவர், "என்ட கட்டையத் தொட நீ ஆருடா?" என்றார். முப்பது வருடம் "தம்பி" என்று அழைத்தவரை அன்றுதான் முதன்முதலாக "டா" போட்டார்.

அவர் பக்க நியாயத்தையும் எழுதிவிடுகிறேன். இல்லாவிட்டால் ஜெமீலா பேப்பரைத் தூக்கிக்கொண்டு வருவாள். "எனக்கும் ரெண்டு பொம்புளப் புள்ள இரிக்கி. இண்டைக்கு ஒண்டரை அடிய விட்டா நாளைக்கு அதுகளுக்கு நான் எங்க கட்டுற?" என்றார். பொய்யில்லை. எங்கள் ஊரில் ஒவ்வொரு மகளுக்கும் ஒரு துண்டு வெட்டி வெட்டி, இப்போது ஒரு கார் திருப்ப இடமில்லாத வளவுகளாகிவிட்டன. ஆனால் அதைச் சொல்கிற முறை இருக்கிறதே? கட்டையைப் பிடுங்கியா சொல்வது?

மேசன் தன் சாமான்களைக் கட்டினார்.

"டீச்சர், முடிஞ்சாக் கூப்பிடுங்க. சண்டக் காணியில இண்டைக்கு நான் கல் வெச்சா, நாளைக்கு அதக் கழட்டுறத்துக்கும் என்னத்தான் கூப்பிடுவாங்க."

பள்ளிவாசல் நிருவாகத்தார் இருவரையும் கூப்பிட்டுப் பேசினார்கள். இருவரும் போனார்கள். ஸலாம் சொல்லிக் கை கொடுத்துக்கொண்டார்கள். தேத்தண்ணி குடித்தார்கள். திரும்பி வந்தார்கள். ஒன்றரை அடி அப்படியே கிடந்தது.

அடுத்தது பொலிஸ். இவர் சேட்டை அயன் பண்ணிப் போட்டுக்கொண்டு, பைலோடு போனார். அரை மணித்தியாலத்தில் திரும்பி வந்தார்.

"நீதான் வரணுமாம்."

"நான் என்னத்துக்கு?"

"காணி உன்ட பேரிலயாம்."

இதை ஒரு புதினச் செய்தி போலச் சொன்னார். கலியாணம் முடித்த நாளில் இருந்து என் காணியில் குடியிருக்கிற மனிதருக்கு அதைப் பொலிஸில்தான் சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள்!

போனேன். அங்கே முறைப்பாடு எழுதுகிற சாஜன் சிங்களவர். எங்கள் கரையில் நெடுநாள் வேலை செய்ததால் நன்றாகத் தமிழ் கதைப்பார். புத்தகத்தை விரித்தார்.

"காணிக்காரர் யாரு?"

இவர் வாயைத் திறந்தார். "நான்தான்" என்றேன்.

"எதிர்ப்பக்கக் காணிக்காரர்?"

"என்ட தங்கச்சி."

சாஜன் பேனையை எடுத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"தங்கச்சி அடிச்சதா?"

"இல்ல."

"ஏசினதா?"

"இல்ல."

"அப்ப என்ன செஞ்சது?"

என்ன சொல்வது? அன்று காலையிலும் அவள் இடியப்பமும் சொதியும் அனுப்பியிருந்தாள். இவர் பக்கத்தில் நின்று எல்லாவற்றையும் சொன்னார். சாஜன் எழுதினார். முறைப்பாட்டாளர் — நான். எதிராளி — காணிக்காரி ஜெமீலா. சகலன் அவளுக்குக் கீழே, பெயரில்லாமல், "கணவர்" என்று மட்டும்.

சண்டை பிடித்தவர்கள் இருவரும் கணவர்மார் ஆகிவிட்டார்கள். சண்டையே பிடிக்காத நாங்கள் இருவரும் கட்சிக்காரர் ஆகிவிட்டோம்.

நான் கையெழுத்து வைத்தேன். மறைக்க மாட்டேன், ஒரு வார்த்தை எதிர்த்துச் சொல்லவில்லை. வகுப்பில் நாற்பது பிள்ளைகளை ஒரு பார்வையில் அடக்கியவள், அங்கே வாயில் கொழுக்கட்டையோடு நின்றேன். மகளின் கலியாணம் நின்றுவிடுமோ என்ற பயம். அந்தப் பயத்தில் தங்கச்சியை எதிராளியாக எழுதிக் கொடுத்துவிட்டேன். இப்போது நினைத்தாலும் எனக்கு என்மேல் அருவருப்பாக இருக்கிறது.

விசாரணை நாள் வந்தது. இரண்டு உறுதிக்காரரும் வர வேண்டும். ஒரே மர வாங்கில் நானும் ஜெமீலாவும் உட்கார்ந்தோம். இந்தப் பக்கம் இவர், அந்தப் பக்கம் அவர், இரண்டு பேரும் சேவல் மாதிரி.

"ராத்தா, பிறசர் குளிச போட்டயா?" என்று கேட்டாள் ஜெமீலா.

"போட்டன். நீ திண்டயா?"

"இல்ல, எங்க நேரம்?"

சாஜனுக்குக் காது கூர்மை. "நீங்க ரெண்டு பேரும் நல்லாத்தானே கதைக்கிறீங்க. பிறகு என்ன பிரச்சின?" என்றார்.

அந்த இடத்தில் நான் வாயைத் திறந்திருக்க வேண்டும். அந்த நிமிடத்தில் எல்லாம் முடிந்திருக்கும். இவர் செருமினார். நான் அடங்கிவிட்டேன். சாஜன் புத்தகத்தை வாசித்தார். "எதிராளி" என்று ஜெமீலாவின் பெயர் வந்தது. அதுவரை அவளுக்குத் தெரியாது, தன் மாப்பிள்ளை மேல்தான் முறைப்பாடு என்று நினைத்திருக்கிறாள். அவள் என் பக்கம் திரும்பியது தெரிந்தது. நான் சுவரில் தொங்கிய கலண்டரைப் பார்த்தேன்.

வெளியே வந்ததும் இவர் எனக்கு உத்தரவு போட்டார். "இனி விசயம் முடியுமட்டும் அங்க போய்க் கதைக்காத. நீ வாய் தவறி எதையும் சொன்னா அவன் அதப் புடிச்சிக்குவான்." அந்தப் பக்கமும் அதே உத்தரவாம். இந்த ஒரு விடயத்தில் மட்டும் சகலன்மார் இருவருக்கும் அப்படி ஒரு ஒற்றுமை!

பொலிஸ் தன் பக்கத்தைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. காணி யாருக்கு என்று தீர்ப்புச் சொல்வது தங்கள் வேலையில்லை. அளவைப் படமும் சபையின் கட்டட அனுமதியும் இருந்தால், வேலை நடக்கும்போது அடிதடி வராமல் பார்த்துக்கொள்ள ஆள் அனுப்பலாம். இவர் ஒரு சேர்வேயரைப் பிடித்தார். அவர் முழு வளவையும் அளந்து, உறுதியில் இருக்கிற "சரிபாதி"யைப் பிரித்து, ஒரு கோடு போட்டார். ஒன்றரை அடி எங்கள் பக்கம்தான்.

இவரைப் பார்க்க வேண்டுமே! ஏதோ நாட்டைப் பிடித்த மாதிரி நடந்தார். சகலன் படத்தில் கையெழுத்து வைக்க மாட்டேன் என்றார். "அளவுக்காரர நீங்கதானே கூட்டி வந்த?" என்றார். கோர்ட்டுக்குப் போகிறேன் என்றார். போகவில்லை. ஆனால் கல் வைக்க விட மாட்டேன் என்று நின்றார். அப்படித்தான் பொலிஸ் வந்தது.

அத்திவாரம் போட்ட முதல் நாள். ஒரு பொலிஸ்காரர் போனில் கிரிக்கெட் பார்த்தார். மற்றவர் கொங்கிரீட் கலவையையே பார்த்துக்கொண்டிருந்தார். எல்லைக்கு அந்தப் பக்கம் சகலனும் ஒரு கதிரையைக் கொண்டுவந்து போட்டுக்கொண்டு குந்தினார். கொஞ்ச நேரத்தில், "ஸ்கோர் என்ன தம்பி?" என்று அவரே பொலிஸைக் கேட்டார். பகலுக்குள் மூவரும் ஒரே போனைப் பார்த்தார்கள். சட்டமும் ஒழுங்கும் நிலைநாட்டப்பட்டன.

ஜெமீலா ஒரு பிளாஸ்கில் இஞ்சி போட்டு பிளேன்டி அனுப்பினாள். பொலிஸ்காரருக்கு மட்டும். "அந்த வீட்டு அக்காட பிளேன்டி நல்ல ருசி" என்று என்னிடமே சொன்னார் ஒருவர். எனக்கா தெரியாது? அவள் கைத் தேத்தண்ணி எங்கள் வளவுக்கு வந்தும் எனக்கு வராத முதல் நாள் அது. அடுக்களைக்குள் போய் நின்று கொஞ்சம் அழுதேன்.

இதற்குள் மேசன் ஒரு விடயம் சொன்னார்.

"சேர், எல்லையில இருந்து ரெண்டடி உள்ளுக்கு விட்டுக் கட்டுவம். அப்பதான் வெளிப்பக்கம் பூசலாம், சாரம் கட்டலாம். ஒரு ஜன்னலும் வைக்கலாம்."

"ரெண்டடி விடுறதா? அந்த ஒண்டரை அடிக்குத்தானே பொலிஸக் கொண்டாந்து வெச்சிரிக்கன். அத விட்டுட்டுக் கட்டினா ஊரு சிரிக்காதா?"

பாருங்கள் கதையை. தேவை என்பதற்காகப் பொலிஸைக் கூப்பிட்டோம். பொலிஸைக் கூப்பிட்டதற்காக, தேவையில்லாத இடத்திலும் கட்டினோம். கோட்டில் ஓரங்குலம் விடாமல் சுவர் எழும்பியது. எல்லைச் சுவரில் ஜன்னல் வைக்க அனுமதி இல்லை. ஆகவே கடல் பக்கம் ஜன்னல் இல்லாத அறை.

"வாப்பா, என்ட ரூமுக்குக் காத்து எதால வரும்?" என்றாள் ஸஹ்றா.

"நல்ல ஃபேன் ஒண்டு பூட்டித் தாறன் மகள்."

கடலில் இருந்து கூப்பிடு தூரத்தில் வீடு. காற்றுக்கு ஃபேன். இதற்குப் பெயர் உரிமையை நிலைநாட்டுவது.

இரண்டாம் நாள் மாப்பிள்ளையின் உம்மா வீட்டு வேலை பார்க்க வந்தார். வாசலில் ஜீப். பின்வளவில் தொப்பிகள். ஒரு சுற்றுப் பார்த்துவிட்டு, "மகனுக்கு வீடு கட்டுறீங்களா, பொலிஸ் குவாட்டர்ஸ் கட்டுறீங்களா மச்சி?" என்றார். நான் சிரிக்கப் பார்த்தேன். அவர் சிரிக்கவில்லை. என்னை ஒரு பக்கமாகக் கூட்டிப்போனார்.

"நான் நேராக் கேக்கன். நிக்காஹ்வுக்கு ஜெமீலா வருவாதானே?"

"ஏன் வராம?"

"புள்ளட சாச்சி வராத கலியாணம் எங்களுக்கு வேணாம். நீங்க ரெண்டு பேரும் பேசாம இரிப்பீங்க. என்ட மகன்தான் காலம் பூரா அந்தச் சுவருக்கு இஞ்சால குடியிரிக்கிற. பகையோட கிடக்கிற வீட்டுக்கு நான் அவன அனுப்ப மாட்டன். யோசிங்க."

வீடு இல்லாவிட்டால் கலியாணம் இல்லை என்று பயந்து பொலிஸுக்குப் போனோம். இப்போது வீடு எழும்புகிறது, கலியாணம் ஆட்டம் காண்கிறது. இவரிடம் சொன்னேன். "அதெல்லாம் வருவாங்க" என்றார், சுவரைத் தடவிப் பார்த்துக்கொண்டே. யார் வருவார்கள், எப்படி வருவார்கள்? அது அவருடைய டிப்பார்ட்மென்ட் இல்லை.

சுவர் எழும்பியது. கூரை ஏறியது. கலியாணத்துக்கு மூன்று வாரம் இருக்கும்போது முதல் மாரி மழை இறங்கியது. எங்கள் பக்கத்தில் மழை கடலில் இருந்து சரிந்து அடிக்கும். பூசாத சுவர் விடிய விடியக் குடித்தது. காலையில் போய்ப் பார்த்தால், ஸஹ்றாவின் அறைக்குள் தரையிலிருந்து நெஞ்சு உயரத்துக்கு ஈரம். புதுப் பெயின்ட் கொப்பளித்துக் கிடந்தது.

மேசன் வந்து பார்த்தார். "வெளிப்பக்கம் உடன பூசணும் சேர். இல்லாட்டி இந்த மாரிக்கு உள்ள ஆள் படுக்க ஏலா."

"பூசுங்க."

"எங்க நிண்டு பூசுற?"

இவர் மூலையில் நின்று எட்டிப் பார்த்தார். சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு செருப்பு வைக்கவும் எங்களுக்கு இடமில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் ஜெமீலாவின் காணி.

அடுத்த நாள் இவர் மீண்டும் பைலோடு பொலிஸுக்குப் போனார்! பூசுவதற்கும் பாதுகாப்புக் கேட்டிருக்கிறார். சாஜன் சிரித்தாராம்.

"சேர், உங்கட காணியில நிக்கிறதுக்கு நான் காவல் தரலாம். அவங்கட காணியில நிக்கிறதுக்கு அவங்ககிட்டத்தான் கேக்கணும்."

இவர் வீட்டுக்கு வந்து பைலை மேசையில் வைத்தார். தண்ணீர் குடித்தார். மின்விசிறியைப் பார்த்தார். பிறகு மெதுவாகச் சொன்னார்.

"நீ ஒருக்காப் போய்க் கதச்சிப் பாரன்."

இரண்டு மாதமாகக் கதைக்காதே என்று சொன்ன அதே வாய்! ஏதாவது எடுத்து எறிந்திருப்பேன். கைக்கு எட்டிய தூரத்தில் அந்தப் பைல்தான் இருந்தது, அதில் என் உறுதி இருந்தது.

போனேன். ஜெமீலா குசினி வாசலில் மீன் வெட்டிக்கொண்டிருந்தாள். எழும்பவில்லை. உட்காரச் சொல்லவும் இல்லை. நான் நின்றுகொண்டே சொன்னேன்.

"மேசன் உன்ட வளவுக்குள்ள நிண்டு பூசணும்."

"பொலிஸ் என்ன சொன்ன?"

"உன்னட்டக் கேக்கச் சொன்ன."

"இத அவங்க சொல்லணுமா ராத்தா?"

மீனின் செட்டையை அரிந்தாள். அடுத்த மீனை எடுத்தாள்.

"அங்க என்ட பேர வாசிக்கக்குள்ள நீ என்ட முகத்தப் பாத்தயா?"

"இல்ல."

"எனக்குத் தெரியும். நீ கலண்டரப் பாத்த."

என்ன சமாதானம் சொன்னாலும் பொய்யாகத்தான் இருக்கும் என்று தெரிந்தது. உள்ளே இருந்து அவள் மாப்பிள்ளையின் சத்தம் வந்தது.

"ஒருத்தனும் இந்தப் பக்கம் கால் வெக்கக் கூடாது! வெச்சா நான் பொலிஸுக்குப் போவன்!"

ஜெமீலா திரும்பியும் பார்க்கவில்லை. கத்தியை மட்டும் கீழே வைத்தாள்.

"போங்களன். காணி ஆருட பேரில எண்டு கேப்பாங்க. என்ன சொல்லுவீங்க?"

உள்ளே டீவியின் சத்தம் மட்டும் கூடியது.

"நாளைக்கே மேசன வரச் சொல்லு" என்றாள். "புள்ள ஈரத்துக்குள்ள படுக்க ஏலாதானே. மறுகா... கலியாணத்துக்கு நான் வாறத்துக்கும் பொலிஸ் பாதுகாப்பு எடுத்திரிக்கயா?"

அவ்வளவுதான். நான் அந்த மீன் தண்ணீருக்குள்ளேயே குந்திவிட்டேன். அழுதேன். அவள் அழவில்லை. அழுகிறவளைப் பார்த்துக்கொண்டு இருந்தாள், நான் முடிக்கட்டும் என்று.

"நீ வராட்டி கலியாணமே இல்ல ஜெமீலா. புள்ளட மாமியும் அதத்தான் சொன்ன."

"மாமி சொன்னதுக்காகவா வந்த?"

"ஓம், அதுக்கும்தான்" என்றேன். இதற்கு மேலும் ஒரு பொய் சொல்ல எனக்குத் தெம்பில்லை. "மறுகா, எனக்கு ரெண்டு மாசமா ஆரோடயும் கதைக்கக் கிடைக்கல்ல."

அதற்குத்தான் அவள் முகம் கொஞ்சம் இளகியது. ஆனாலும் இறங்கி வரவில்லை.

"புள்ளைக்கு மருதோண்டி போடுறது நான்தான். அத ஆருக்கும் விட மாட்டன். ஆனா எதிராளி எண்ட பேரோட வந்து போட மாட்டன். முதல்ல அந்தப் புத்தகத்தில இருந்து என்ட பேர எடு."

மேசன் அடுத்த நாள் அவள் வளவில் சாரம் கட்டினார். அடுத்த மழைக்கு முன் முடித்துவிடுவார், இன்ஷா அல்லாஹ். அந்த ஒன்றரை அடி சுவருக்குள் போய்விட்டது, இனி யாருக்கும் எடுக்க முடியாது. அதற்கு ஈடாகப் பின்பக்கம் ஒரு துண்டை ஜெமீலாவின் பெண்பிள்ளைகளுக்கு எழுதிக் கொடுப்பதாகச் சொல்லியிருக்கிறேன், இந்த முறை நொத்தாரிசு அடி அங்குலத்தோடு எழுதுவார். ஜன்னல் இல்லை. ஸஹ்றா ஃபேனோடுதான் குடிபோகப் போகிறாள். வீறாப்புக்குக் கட்டிய சுவரில் பிறகு ஓட்டை போட முடியாது என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

முறைப்பாட்டை வாபஸ் வாங்க இரண்டு பக்கமும் வந்து கையெழுத்து வைக்க வேண்டுமாம். இந்தத் திங்கட்கிழமை காலை ஒரு ஓட்டோவைக் கூப்பிட்டோம். நானும் ஜெமீலாவும் ஏறி உட்கார்ந்தோம். இவர் அயன் பண்ணின சேட்டோடு, பைலும் கையுமாக வாசலில் நின்றார். அடுத்த வாசலில் சகலனும் சப்பாத்துப் போட்டுக்கொண்டு தயார்.

"நாங்களும் வாறம்" என்றார் இவர்.

ஜெமீலா ஓட்டோவுக்குள் இருந்து தலையை நீட்டி இரண்டு பேரையும் பார்த்தாள்.

"நீங்க என்னத்துக்கு? உங்கட பேரில அங்க ஒண்டும் இல்லியே!"